பாம்பெய் அரை நாள் சுற்றுலா: பணம் கட்டுமுன் இதைப் படித்துவிடுங்கள்

இத்தாலி போகிறவர்களில் பலர் ரோமை முடித்துவிட்டு, வெசுவியஸ் எரிமலை வெடித்துப் புதைந்துபோன பழைய ரோமானிய ஊரான பாம்பெய் பார்க்க நேப்பிள்ஸ் வருகிறார்கள். கையில் நேரம் குறைவு, கூடவே வயதானவர்கள். ஆகவே ஓட்டல் வாசலில் ஏற்றிக்கொண்டு போய், வழிகாட்டியோடு சுற்றிக் காட்டி, மதியச் சாப்பாட்டு நேரத்துக்குத் திரும்பக் கொண்டுவந்து விடும் அரை நாள் சுற்றுலாவைப் பதிவு செய்துவிடுகிறார்கள். நான், கணவர், அப்பா மூவரும் அப்படித்தான் போனோம். தலைக்கு 79 யூரோ. ஏசி பஸ், நுழைவுக் கட்டணம் உட்பட, வரிசையில் நிற்காமல் நுழைவு, உரிமம் பெற்ற வழிகாட்டி, மொத்தம் ஐந்து மணி நேரம் என்று விளம்பரம் சொன்னது. ஏசி வேலை செய்தது. ஐந்து மணி நேரமும் கணக்காக ஆனது. மற்றவை எப்படி நடந்தன என்பதற்காகத்தான் இந்தப் பதிவு.

நிறுவனத்தின் பெயரைப் போடவில்லை. போட்டாலும் பெரிய பயன் இல்லை. எங்களோடு பஸ்ஸில் இருந்தவர்களிடம் பேசியபோது, ஆளுக்கொரு நிறுவனத்தில், ஆளுக்கொரு விலையில் வாங்கியிருந்தது தெரிந்தது. விற்பவர்கள் பலர், ஓட்டுகிற பஸ் ஒன்றுதான். பெயரை வைத்து ஒதுக்க முடியாது, நடக்கிற விதத்தை வைத்துத்தான் அடையாளம் காண வேண்டும்.

எட்டரைக்கு வரவேண்டிய பஸ் ஒன்பதுக்கு ஐந்து நிமிடம் இருக்கையில் வந்தது. அதன்பின் மற்ற ஓட்டல்களுக்கெல்லாம் போய் ஆட்களை ஏற்றியது. நேப்பிள்ஸிலிருந்து பாம்பெய் சுமார் 25 கிலோமீட்டர்தான். பாதி வழியில் பஸ் நெடுஞ்சாலையை விட்டு இறங்கி, தோரே தெல் கிரெக்கோ என்ற ஊருக்குள் நுழைந்தது. "கழிவறைக்காகப் பத்து நிமிடம்" என்றார் உடன் வந்த இளைஞர்.

அது ஒரு கேமியோ, அதாவது புடைப்புருவம் செதுக்கிய நகைக் கூடம். நியாயமாகச் சொல்ல வேண்டும், அந்தத் தொழில் பொய்யில்லை. பவழத்துக்கும் சிப்பியில் செதுக்கும் கேமியோவுக்கும் தோரே தெல் கிரெக்கோ பேர் பெற்ற ஊர். முன்னால் உட்கார்ந்திருந்த பெரியவர் ஒரு மரக்குச்சியின் நுனியில் சிப்பித் துண்டை ஒட்டிப் பிடித்துக்கொண்டு, மேலே இருக்கும் வெள்ளை அடுக்கைக் கூர் உளியால் சீவிச் சீவி ஒரு பெண்ணின் பக்கவாட்டு முகத்தை எடுத்துக்கொண்டிருந்தார். அடியில் உள்ள பழுப்பு அடுக்குதான் பின்னணி. மூக்கு நுனிக்கு வந்ததும் அவர் மூச்சை அடக்கிக்கொண்டதைப் பார்த்தேன். விளக்கொளியில் தூக்கிப் பிடித்தால் அசல் சிப்பி ஒளியை ஊடுருவ விடும் என்பதையும் காட்டினார். அங்கேயே முடிந்திருந்தால் நன்றி சொல்லியிருப்பேன்.

கழிவறை, எல்லா விற்பனை மேசைகளையும் தாண்டிக் கடைசியில் இருந்தது. போகும்போது ஒருவர், வரும்போது இருவர் என்று கூடவே வந்தார்கள். 240 யூரோ பதக்கம் நாங்கள் நகர நகர 160-க்கு இறங்கியது. வாங்காமல் வெளியே வந்தவர்களுக்கு பஸ்ஸும் பூட்டியிருந்தது, ஓட்டுநரைக் காணோம். பத்து நிமிடம் என்றது கிட்டத்தட்ட ஒரு மணி நேரமாக நீண்டது. "எரிமலை பார்க்க வந்தோமா, கிளிஞ்சல் பார்க்க வந்தோமா?" என்று அப்பா கேட்டார். அந்த இளைஞர் புரிந்ததுபோலச் சிரித்தார்.

பாம்பெய் வாசலை அடைந்தபோது மணி பதினொன்றைத் தாண்டிவிட்டது. அடுத்த வேலை அங்கே நடந்தது. 2024 நவம்பரிலிருந்து பாம்பெய்க்கு ஒரு நாளைக்கு 20,000 பேர் என்று வரம்பு வைத்திருக்கிறார்கள். டிக்கெட்டும் அவரவர் பெயரில்தான் தருகிறார்கள், அடையாள அட்டை கேட்கலாம். எங்களுக்கு விற்றவர்கள் பெயரே கேட்கவில்லை. அப்போதே எங்களுக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். மற்றவர்களுக்காக இங்கே எழுதிவைக்கிறேன்: பெயர் கேட்காமல் விற்றால், உங்களுக்கு இன்னும் டிக்கெட் வாங்கவில்லை என்று அர்த்தம். வாசலில் வைத்து, "புதிய விதி வந்துவிட்டது, நீங்கள் கட்டியது முன்பதிவுக்கு மட்டும்தான்" என்று சொல்லித் தலைக்கு 25 யூரோ ரொக்கமாகக் கேட்டார்கள். டிக்கெட் சாளரத்துக்கு மேலே பலகையில் 18 யூரோ என்று எழுதியிருந்தது. மீதி ஏழு எதற்கு என்றால், ஹெட்போன் வாடகை, சேவைக் கட்டணம் என்று பதில்.

எங்களைவிட மோசமாக மாட்டியது, இரண்டு பிள்ளைகளோடு வந்த ஒரு குடும்பம். இத்தாலியில் அரசுக்குச் சொந்தமான அருங்காட்சியகங்களிலும் தொல்லியல் இடங்களிலும் 18 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு, எந்த நாட்டவராக இருந்தாலும், கட்டணம் கிடையாது. அந்தப் பிள்ளைகளுக்கும் ஆளுக்கு 25 யூரோ வாங்கினார்கள். நாங்கள் சொன்ன பிறகுதான் அந்தத் தாய்க்கு விஷயமே தெரிந்தது. சத்தம் போட்ட பிறகு ஒரு பிள்ளைக்கு மட்டும் பணம் திரும்பியது, இன்னொன்றுக்கு "கணக்கு முடிந்துவிட்டது" என்றார்கள். என்ன கணக்கோ. வரிசையில் நிற்க வேண்டாம் என்ற வாக்குறுதியும் அத்தோடு போயிற்று. பாதுகாப்புச் சோதனை எல்லோருக்கும் ஒன்றுதான்.

வழிகாட்டி என்று எங்களோடு உள்ளே வந்தது யார் தெரியுமா? பஸ்ஸில் வந்த அதே இளைஞர். இத்தாலியில் வழிகாட்டிகளுக்கு உரிமம் உண்டு, கழுத்தில் அட்டை தொங்கும். இவர் கழுத்திலும் ஒன்று தொங்கியது, பின்பக்கம் திரும்பியபடியே. சீருடைக்காரர்கள் பக்கத்தில் வந்தால் பேச்சை நிறுத்திவிட்டுக் கைப்பேசியைப் பார்ப்பார்.

அவர் சொன்ன முதல் வாக்கியமே, "கி.பி. 79-இல் எரிமலைக் குழம்பு ஓடி வந்து இந்த ஊரை மூடிவிட்டது." குழம்பு ஓடியிருந்தால் இந்தச் சுவரோவியம் ஒன்றும் நமக்கு மிஞ்சியிருக்காது. முதலில் மணிக்கணக்கில் நுரைக்கல் மழை பொழிந்து கூரைகள் பாரம் தாங்காமல் இடிந்தன. பிறகு கொதிக்கும் சாம்பலும் வாயுவும் தரையோடு பாய்ந்து, மிச்சமிருந்தவர்களைக் கொன்றன. தானியக் கிடங்கில் கண்ணாடிக்குப் பின்னால் இருக்கும் உடல்களைக் காட்டி, "கல்லாகிப்போன மனிதர்கள்" என்றார். அவை கல்லே அல்ல. இறுகிய சாம்பலுக்குள் உடல் மக்கிப்போய் வெற்றிடம் ஆனது. 1863-இல் ஜுசெப்பே ஃபியோரெல்லி என்ற தொல்லியலாளர் அந்த வெற்றிடங்களில் சுண்ணச்சாந்தை ஊற்றி, இறுகியபின் சுற்றியிருந்த சாம்பலை உடைத்து எடுத்த வார்ப்புகள் அவை. அந்த ஒரு விஷயத்தைச் சொன்னாலே போதும், பார்க்கிற பார்வை மாறிவிடும். அதைச் சொல்வதற்குத்தானே வழிகாட்டி?

தெருக்கள் தாமே பேசுகின்றன என்பது ஒரு ஆறுதல். குறுக்கே உயரமான கற்கள் மூன்று, சில இடங்களில் இரண்டு. மழைநீரும் கழிவும் ஓடும் தெருவில் கால் நனையாமல் கடப்பதற்கு. அந்தக் கற்களுக்கு இடைப்பட்ட சந்து வழியாக வண்டிகள் போய்ப் போய்ப் பாறையில் பள்ளம் விழுந்திருக்கிறது. ஓர் இடத்தில் குனிந்து கையை வைத்துப் பார்த்தேன், மணிக்கட்டு வரை உள்ளே போயிற்று. நிமிர்வதற்குள் கூட்டம் அடுத்த தெருவுக்குப் போய்விட்டது, ஹெட்போனில் கரகரப்பு மட்டும்.

அப்பா வரலாற்றுப் பித்துப் பிடித்தவர். அவர் வந்ததே இரண்டு காரணங்களுக்காக. ஒன்று மூத்த பிளினி என்ற ரோமானிய எழுத்தாளர். முசிறித் துறைமுகத்தையும் மதுரையில் ஆண்ட பாண்டியனையும் எழுதிவைத்தவர், இந்தியாவுக்கு ஆண்டுதோறும் 5 கோடி செஸ்டர்ஸ் (ரோமானிய நாணயம்) போய்க்கொண்டிருக்கிறதே என்று அங்கலாய்த்தவர். கடற்படைத் தளபதியாக இருந்த அவர் கப்பலை எடுத்துக்கொண்டு இந்த எரிமலையை நோக்கி வந்து, அருகில் ஸ்டாபியே கரையில் இறந்துபோனார். மற்றொன்று, 1938-இல் இங்கே ஒரு வீட்டில் கிடைத்த இந்தியத் தந்தச் சிலை. சாண் உயரத்துக்குச் சற்று மேல். லட்சுமி என்று பெயர் வைத்தார்கள், யட்சியாக இருக்கலாம் என்பாரும் உண்டு; சிலை இப்போது நேப்பிள்ஸ் அருங்காட்சியகத்தில். அந்த வீடு எந்தப் பக்கம் என்று அப்பா கேட்டார். "இந்தியாவா? எனக்கு இந்தியச் சினிமா மிகவும் பிடிக்கும்" என்றார் வழிகாட்டி.

உள்ளே எங்களுக்குக் கிடைத்தது மொத்தம் எழுபது நிமிடம். அதில் கணிசமான பகுதி லூபனார் என்ற விலைமாதர் விடுதி வாசலில், அசட்டு நகைச்சுவைகளோடு கழிந்தது. தந்தையும் மகளும் பக்கத்தில் பக்கத்தில் நின்று கேட்கும்படியான நகைச்சுவைகள் அல்ல. ஊரின் பொதுச் சதுக்கமான மன்றத்தையும் ஒரு குளியல் கூடத்தையும் பார்த்தோம். ஊரின் கிழக்கு ஓரத்தில், ஒரு கிலோமீட்டர் தள்ளி இருக்கும் வட்டரங்கத்துக்குப் போகவே இல்லை. கி.மு. 70 வாக்கில் கட்டியது, இன்று நிற்கும் ரோமானியக் கல் வட்டரங்குகளில் மிகப் பழையது, கி.பி. 59-இல் உள்ளூர்க்காரர்களும் நூக்கேரியா ஊர்க்காரர்களும் அடித்துக்கொண்டு செத்ததால் பத்தாண்டு போட்டிகளுக்குத் தடை விழுந்த இடம். தப்பி ஓட முயன்ற 13 பேரின் வார்ப்புகள் கிடக்கும் தோட்டமும் அந்தப் பக்கம்தான். "நேரமாகிவிட்டது, சாப்பாடு காத்திருக்கிறது" என்று கிளப்பிவிட்டார்கள். சாப்பாடு எங்கள் செலவில், அவர்கள் காட்டிய கடையில். அதைப் பற்றி எழுதத் தெம்பில்லை. ஒரு எலுமிச்சைச் சாறு எட்டு யூரோ என்பதோடு விட்டுவிடுகிறேன்.

அரை நாள் சுற்றுலா எல்லாமே மோசடி என்று நான் சொல்லவில்லை. வாங்குமுன் எழுத்தில் ஒரு பதில் வாங்கிக்கொள்ளுங்கள்: தொல்லியல் வாசலுக்கு உள்ளே எத்தனை மணி நேரம், வழியில் எங்கெல்லாம் நிற்கும்? இரண்டு மணி நேரத்துக்குக் குறைவென்றால் விட்டுவிடுங்கள். "ஐந்து மணி நேரம்" என்பது பஸ்ஸின் கணக்கு.

உண்மையில் பஸ்ஸே தேவையில்லை. அப்பாவுக்காக நாங்கள் மறுபடியும் ரயிலில் போனோம். நேப்பிள்ஸ் கரிபால்டியிலிருந்து சொரெண்டோ போகும் சர்க்கும்வெசுவியானா ரயில். சில யூரோதான் கட்டணம். கூட்டமும் ஜேப்படியும் உண்டு, பணப்பையை முன்னால் வைத்துக்கொள்ளுங்கள். இறங்க வேண்டியது பாம்பெய் ஸ்காவி நிலையம். ஊருக்குள் பாம்பெய் என்றே இன்னொரு நிலையம், வேறு ரயில்வேயுடையது, இருக்கிறது. அங்கே இறங்கினால் இந்த வாசலுக்கு நடை அதிகம். ஸ்காவியில் வெளியே வந்தவுடன் 'தகவல் மையம்' போன்ற தோற்றத்தில் மேசை போட்டு, உள்ளே இரண்டு மணி நேர வரிசை என்று பயமுறுத்துவார்கள். நிற்காதீர்கள், போர்ட்டா மரீனா வாசல் எதிரிலேயே இருக்கிறது. அங்கே அட்டையை முன்பக்கமாகத் தொங்கவிட்ட வழிகாட்டிகள் கிடைப்பார்கள். கைப்பை 30 × 30 × 15 சென்டிமீட்டருக்கு மேல் இருந்தால் வெளியே வைக்கச் சொல்வார்கள். தண்ணீர்க் குப்பியை உள்ளே இருக்கும் குழாய்களில் நிரப்பிக்கொள்ளலாம். மாதத்தின் முதல் ஞாயிறு இலவசம், ஆனால் அன்று கூட்டத்தில் கால் வைக்க இடம் இருக்காது.

பணம் பற்றிக் கேட்பவர்களுக்கு: 18 யூரோ அச்சான டிக்கெட்டுகளை வழிகாட்டியிடமிருந்து கேட்டு வாங்கி வைத்திருந்தோம். உள்ளே நுழைந்தபோதும் வெளியே வந்தபோதும் எடுத்த படங்களில் நேரம் பதிவாகியிருந்தது. விளம்பரப் பக்கத்தின் படத்தையும் சேர்த்து வங்கியில் முறையிட்டோம். கட்டியதில் பாதி திரும்பி வந்தது. நிறுவனத்துக்கு எழுதிய நீண்ட கடிதத்துக்கும் பதில் வந்தது. வருத்தம் தெரிவித்து, வெசுவியஸ் மலை அரை நாள் சுற்றுலாவுக்குப் பத்து சதவீதத் தள்ளுபடி தந்திருந்தார்கள். அதன் விவரக் குறிப்பிலும் "வழியில் ஒரு சிறிய நிறுத்தம்" இருந்தது.