ஐந்து நாள் மெத்தட் ஆக்டிங் பட்டறை: மூன்றாம் நாளோடு நின்றுவிட்டேன்

எட்டு வருடமாக மேடையில் நடிக்கிறேன். போன மாதம் இந்தப் பட்டறையில் சேர்ந்தேன். மெத்தட் ஆக்டிங் என்றால், நடிகர் தன் சொந்த உணர்வையும் நினைவையும் கொண்டு கதாபாத்திரத்தை உள்ளிருந்து நடிக்கும் முறை. நடத்தியவர்களின் பெயரைச் சொல்லப் போவதில்லை.

முதல் இரண்டு நாள் அருமை. நாற்காலியில் சாய்ந்து தாடை, கழுத்து, நெற்றி என்று ஒவ்வொரு இடமாக இறுக்கத்தைத் தளர்த்த வைத்தார்கள். அப்புறம் கையில் இல்லாத கோப்பையை உணரும் பயிற்சி. பிடிப்பது போல் பாவனை செய்யக் கூடாது. சூடு எந்த விரலில் முதலில் படுகிறது என்று தேட வேண்டும். நாற்பது நிமிடம் ஒன்றுமே இல்லை. பிறகு சுண்டுவிரலில் லேசாகக் கனம் தெரிந்தது. எனக்கு மயிர் கூச்செறிந்தது.

மூன்றாம் நாள், உணர்வு நினைவுப் பயிற்சி. சொந்தத் துயரம் ஒன்றை எடுக்கச் சொன்னார்கள். எவ்வளவு பழையது என்று யாரும் கேட்கவில்லை. நான் பத்து மாதத்துக்கு முன் இறந்த அப்பாவை எடுத்தேன். அவருடைய கைக்கடிகாரத்தை நர்ஸ் என்னிடம் கொடுத்தபோது, வாரில் இன்னும் சூடு இருந்தது. அது அப்படியே உள்ளங்கைக்கு வந்துவிட்டது. அழுகை நிற்கவில்லை. "நல்லா வருது, விட்டுடாதே" என்றார் பயிற்சியாளர். அப்புறம் அடுத்த ஆளைக் கூப்பிட்டார்.

என்னை வெளியே கொண்டுவந்தது கூடப் பயின்ற ஒரு அக்காதான். பக்கத்தில் உட்கார்ந்து, "உன் பேர் என்ன? இந்த அறையில எத்தனை ஜன்னல்?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார். அந்த வேலையைப் பயிற்சியாளர் அல்லவா செய்திருக்க வேண்டும்! ஒரு வாரம் சரியான தூக்கமில்லை.

இந்தப் பயிற்சியைப் பரப்பிய அமெரிக்க நடிப்பு ஆசிரியர் லீ ஸ்ட்ராஸ்பெர்கே, குறைந்தது ஏழு வருடம் பழைய நினைவைத்தான் எடுக்கச் சொன்னார். ஆறாத புண் நடிகரின் கட்டுப்பாட்டில் நிற்காது. அமெரிக்க நடிகை ஸ்டெல்லா ஆட்லரோ 1934இல் பாரிஸில் ரஷ்ய நாடக இயக்குநர் ஸ்டானிஸ்லாவ்ஸ்கியிடம் நேரில் பயின்று திரும்பி, சொந்தக் காயத்தைத் தோண்ட வேண்டியதில்லை, கதாபாத்திரத்தின் சூழலும் கற்பனையும் போதும் என்று ஸ்ட்ராஸ்பெர்கோடு மோதினார். இப்படி ஒரு வழி இருப்பதையே பட்டறையில் சொல்லவில்லை. எனக்கு அதில்தான் கோபம் அதிகம்.

புலன் பயிற்சிக்காகத் தாராளமாகப் போகலாம். வீட்டில் சமீபத்தில் இழப்பு நடந்திருந்தால் இப்போதைக்கு வேண்டாம். சேருவதற்கு முன், பயிற்சி முடிந்ததும் எப்படி வெளியே கொண்டுவருவீர்கள் என்று கேளுங்கள். பதில் மழுப்பலாக இருந்தால் பணம் கட்டாதீர்கள்.