பழைய நோக்கியாவைக் கணினியுடன் இணைக்கும் நிரலகங்கள்: மூன்றில் எதை நம்பலாம்?

பொத்தான் வைத்த பழைய நோக்கியா தொலைபேசிகளில் தங்கிவிட்ட தொடர்பு எண்களையும் குறுஞ்செய்திகளையும் கணினிக்கு மாற்ற விரும்புவோருக்கு முக்கியமாக மூன்று நிரலகங்கள் (பிற நிரல்கள் அழைத்துப் பயன்படுத்தும் ஆயத்த நிரல்தொகுப்புகள்) இருக்கின்றன. நோக்கியாவே பிசி சூட் என்ற தன் கணினி மென்பொருளுடன் வழங்கிய டிஎல்எல் கோப்புகள் (விண்டோஸின் நிரலகக் கோப்புகள்) ஒன்று. கட்டற்ற மென்பொருளான க்னோக்கியின் லிப்க்னோக்கி இன்னொன்று. க்னோக்கியிலிருந்து கிளைத்து வளர்ந்த கம்முவின் லிப்கம்மு மூன்றாவது. என் தேர்வு பெரும்பாலும் கம்முதான். ஆனால் அது எட்டாத இடங்களும் உண்டு என்பதால் மற்ற இரண்டையும் ஒதுக்கிவிட முடியாது.

நோக்கியாவின் தொகுப்பில் மையமான கோப்பு கான்ஏபிஐ என்ற டிஎல்எல். இணைந்துள்ள தொலைபேசியைக் கண்டறிவது, அதன் கோப்புறைகளைத் திறப்பது, தொடர்புகளையும் நாட்காட்டியையும் படிப்பது ஆகிய பணிகளுக்கு வெளி நிரல்கள் இதையே அழைத்தன. தயாரித்த நிறுவனமே எழுதியது என்பதால், எஸ்40 (எளிய தொலைபேசிகள்), எஸ்60 (சிம்பியன் இயங்குதளம் கொண்ட ஸ்மார்ட்போன்கள்) ஆகிய இரு வகைத் தொலைபேசிகளின் தரவையும் இது முழுமையாக அறிந்திருந்தது. ஆயினும் இது விண்டோஸில் மட்டுமே இயங்கும், மூலநிரலும் வெளியிடப்படவில்லை. 2014இல் நோக்கியாவின் கைபேசிப் பிரிவு மைக்ரோசாப்ட் வசம் போனபின், புதிய விண்டோஸுக்கு ஏற்ப இதைத் திருத்துவோர் எவருமில்லை.

இங்கே ஓர் எச்சரிக்கை அவசியமாகிறது. ‘கான்ஏபிஐ காணவில்லை’ என்ற பிழைச்செய்தியைக் கண்டதும், டிஎல்எல் கோப்புகளைத் தனித்தனியாக வழங்கும் தளங்களில் தேடி இறக்குவோர் பலர். சர்வீஸ் லேயர் என்ற பின்னணிச் சேவையும் தொலைபேசியைக் கணினி அடையாளம் காண உதவும் டிரைவர்களும் நிறுவப்படாத கணினியில் அந்த ஒற்றைக் கோப்பால் தொலைபேசியை அணுக இயலாது. அந்தக் கோப்பு எங்கிருந்து வந்தது, இடையில் யார் மாற்றினார்கள் என்பதை அறியவும் வழியில்லை. ஆகவே முழுத் தொகுப்பாக நிறுவுவது, இல்லையேல் வேறு வழியை நாடுவது என்ற இரண்டில் ஒன்றே சரி.

க்னோக்கி 1990களின் இறுதியில், நோக்கியா 6110 குடும்பத் தொலைபேசிகள் பயன்படுத்திய எஃப்பஸ் நெறிமுறையை (தொலைபேசியும் கணினியும் பேசிக்கொள்ளும் முறை) வெளியிலிருந்து ஆராய்ந்து எழுதப்பட்டது. அந்தக் காலத் தொலைபேசிகளுக்கு இன்றும் பயன்படும். ஆனால் தொலைபேசியின் வகையை அமைப்புக் கோப்பில் நாமே குறிக்க வேண்டியிருக்கிறது. கடைசி வெளியீடு 2011இல் வந்தது.

கம்மு இந்த இடத்தில்தான் முந்துகிறது. இணைப்பின் வகையைச் சொன்னால் போதும், தொலைபேசியின் வகையை அதுவே கேட்டறிந்துகொள்கிறது. நோக்கியாவின் தனி நெறிமுறைகளோடு ஏடி கட்டளைகளையும் (மோடத்தை இயக்கும் பொதுக் கட்டளைகள்) ஓபெக்ஸையும் (கோப்புகளைப் பரிமாறும் பொது நெறிமுறை) பேசுவதால் சீமென்ஸ், சோனி எரிக்சன் போன்றவற்றின் பல தொலைபேசிகளும் இதற்குள் அடங்குகின்றன. லினக்ஸிலும் விண்டோஸிலும் இயங்குகிறது. பைத்தான் வழியாகவும் அழைக்கலாம். தமிழில் குறுஞ்செய்தி அனுப்பியவர்களுக்கு இன்னொரு காரணமும் உண்டு. தமிழ்ச் செய்தி யூசிஎஸ்-2 என்ற இரு பைட் குறியாக்கத்தில் செல்வதால் ஒரு செய்தியில் 70 குறிகளே அடங்கும். ‘கொ’ என்பதே இரண்டு குறிகளாக எண்ணப்படும். அதைவிட நீண்ட செய்தி, பகுதிக்கு 67 குறிகளாக உடைந்தே தொலைபேசியில் கிடக்கும். வெறும் ஏடி கட்டளையால் படித்தால் துண்டுகள் தனித்தனியாக, பெரும்பாலும் பதினாறடிமான எண்களாகவே வந்து விழும். லிப்கம்மு குறியாக்கத்தை அவிழ்த்து, துண்டுகளையும் வரிசைப்படி கோத்துத் தருகிறது.

நிரலகத்துக்கு அடியிலுள்ள அடுக்கு (கேபிள், டிரைவர், இயங்குதளம்) ஒத்துழைக்காவிட்டால் இந்தத் திறமை எதுவும் பயன்படாது. பழைய தரவுக் கேபிள்கள் பலவற்றில் உள்ள பிஎல்2303 சில்லின் முந்தைய வகைகளை, விண்டோஸ் 8 முதற்கொண்டு அதிகாரபூர்வ டிரைவர் ஏற்பதில்லை. லினக்ஸ் கெர்னல் ஏற்கிறது. அகச்சிவப்பு இணைப்பிலோ லினக்ஸும் கைகொடுப்பதில்லை: அதற்கான ஐஆர்டிஏ பகுதி 2018இல் வெளிவந்த 4.17ஆம் பதிப்பிலேயே நீக்கப்பட்டுவிட்டது. எஸ்60 தொலைபேசியில் ஏடி கட்டளைகளால் கிடைப்பது மிகச் சொற்பம். தொலைபேசிக்குள்ளேயே ஒரு சிறு செயலியை நிறுவினால்தான் கம்முவோ க்னோக்கியோ தொடர்புகளை அணுக முடியும். செயலிகளுக்கு டிஜிட்டல் சான்றொப்பம் கோரும் கட்டுப்பாடு வந்தபின் வெளியான கருவிகளில் அந்த நிறுவலே தடைபடக்கூடும்.

எனவே எஸ்40 அல்லது அதற்கு முந்தைய தொலைபேசி என்றால், லினக்ஸில் கம்முவைக் கொண்டு தொடர்புகளை விகார்டாக (தொடர்பு விவரங்களுக்கான பொதுக் கோப்பு வடிவம்) எடுத்துவிடலாம். எஸ்60 என்றால் விண்டோஸ் எக்ஸ்பி அல்லது 7 உள்ள கணினியில் பிசி சூட்டை முழுமையாக நிறுவுவதே குறுகிய வழி. ஆனால் அது எடுக்கும் என்பியு என்ற, நோக்கியாவுக்கே உரிய காப்புக் கோப்போடு நின்றுவிடக் கூடாது. அதே கணினி கையில் இருக்கும்போதே தொடர்புகளை விகார்டாகவும், செய்திகளை எளிய உரைக் கோப்பாகவும் மாற்றி வைத்துவிட வேண்டும்.