6 வெள்ளி அடாப்டர், பழைய வீட்டா, இரண்டு ராத்திரி

சிங்கப்பூரில் ஈசூனில் ரயில் ஏறி ஜூரோங் ஈஸ்ட்டில் இறங்குவது என் அன்றாடப் பிழைப்பு. வண்டி மாற வேண்டியதில்லை, ஆனால் உட்லண்ட்ஸைச் சுற்றிக்கொண்டு போவதால் முக்கால் மணி நேரம் கிட்டத்தட்ட ஓடிவிடும். கைப்பேசியை எடுத்தால் அலுவலக வாட்ஸ்அப் குழுதான் முதலில் கண்ணில் படும், காலையிலேயே மனசு கெட்டுவிடும். அதனால்தான் போன வருடக் கடைசியில் சோனியின் கையடக்கக் கேம் மிஷினான பிளேஸ்டேஷன் வீட்டா ஒன்றைப் பழையதாக வாங்கினேன். 2000 மாடல், கறுப்பு, திரை ஓரத்தில் மயிரிழைபோல ஒரு கீறல், சார்ஜரோடு 190 சிங்கப்பூர் வெள்ளி. விற்றவர் தோ பாயோவில் அவருடைய புளோக்குக்குக் கீழே வந்து கொடுத்தார், அங்கேயே இரண்டு அனலாக் குச்சிகளையும் சுற்றிப் பார்த்துவிட்டுத்தான் காசைக் கொடுத்தேன். பெயரைச் சொன்னதும் அம்மா, "யார் வீட்டதுடா?" என்று கேட்டார். அது வேறு கதை.

இந்த மிஷினின் சாபம் அதன் மெமரி கார்டு. 2011 கடைசியில் ஜப்பானில் வெளியிட்டபோது சோனி தனக்கென்று தனி வடிவத்தில் ஒரு கார்டைச் செய்தது, வேறு எதிலும் அது நுழையாது, வேறு எதுவும் இதில் நுழையாது. 32 ஜிபி கார்டு அமெரிக்காவில் 100 டாலருக்கு விற்றது, அதே காலத்தில் சாதாரண மைக்ரோ எஸ்டி அதைவிடக் குறைந்த விலைக்கே கிடைத்தது. 2019-இல் ஜப்பானில் மிஷின் தயாரிப்பையே நிறுத்திவிட்டார்கள், ஆனால் பழைய கார்டுகளுக்கு இன்றும் யானை விலை கேட்கிறார்கள். 2000 மாடலுக்குள் 1 ஜிபி இருக்கிறது, அதை வைத்துக்கொண்டு ஒரு பெரிய கேமைக்கூட வைக்க முடியாது.

இதற்கு வழிதான் எஸ்டி2வீட்டா என்கிற அடாப்டர், இந்த விமர்சனமும் அதைப் பற்றித்தான். கேம் அட்டை செருகும் வாயில் நுழைகிற அளவுக்கு ஒரு குட்டி பிளாஸ்டிக் துண்டு, அதன் வயிற்றில் மைக்ரோ எஸ்டி போடுகிற பள்ளம், அவ்வளவுதான். உள்ளே சிப் எதுவும் கிடையாது, வெறும் கம்பித் தடங்கள். வீட்டாவின் கேம் அட்டை வாய் எஸ்டி கார்டு பேசுகிற பாஷைக்கு நெருக்கமாகப் பேசுவதால்தான் இப்படி ஏமாற்ற முடிகிறது. சிம் லிம் ஸ்குவேரில் கேபிளும் கவரும் தொங்கும் ஒரு சின்னக் கடையில் 6 வெள்ளிக்குக் கிடைத்தது. மதியச் சாப்பாட்டுக் காசு. ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இது உள்ளே இருக்கும்வரை கடையில் வாங்கிய கேம் அட்டையைப் போட முடியாது. கையில் நிறைய அட்டைகள் வைத்திருப்பவர்களுக்கு இது தலைவலி, என்னிடம் இருப்பது மூன்றுதான்.

செருகினால் உடனே வேலை செய்யும் என்று நினைத்துவிடாதீர்கள், சோனி போட்ட பூட்டைத் திறந்து மாற்றியமைத்த மிஷினில்தான் இது உயிர் பெறும். என்னுடையது 3.74 ஃபர்ம்வேரில், அதாவது மிஷினின் அடிப்படை மென்பொருளின் அந்தப் பதிப்பில் வந்தது. முன்பெல்லாம் கணினியோடு இணைத்து என்னென்னவோ செய்ய வேண்டியிருந்ததாம், இப்போது மிஷினின் உலாவியிலேயே ஹென்லோ என்ற வழியைத் திறந்தால் பூட்டு விலகிவிடுகிறது, வீட்டாஷெல் என்கிற கோப்பு மேலாளரும் வந்து உட்கார்ந்துவிடும். ஆனால் மிஷினை அணைத்துப் போட்டால் பூட்டு மறுபடி விழுந்துவிடும், திரும்பவும் திறக்க வேண்டும். திறந்தது நிலையாக நிற்க வேண்டுமென்றால் மொடோரு என்கிற செயலியால் 3.65-க்கு இறக்கி, அதற்குமேல், இயக்கும்போதே பூட்டைத் திறந்துவிடுகிற என்ஸோவைப் போட வேண்டும். இறக்குகிற நேரத்தில் மின்சாரம் போனால் மிஷின் இனி எழாத செங்கல்தான், ஆகவே சார்ஜரைச் செருகிவிட்டுச் செய்யுங்கள். பட்டை ஊர்ந்துபோன அந்தச் சில நிமிடங்களில் நான் வீட்டில் யாரையும் ஸ்விட்ச் பக்கம் வர விடவில்லை.

முதல் ராத்திரி இத்தோடு நன்றாகத்தான் முடிந்தது. ஆட்டம் காட்டியது கார்டு.

256 ஜிபி மைக்ரோ எஸ்டி 18 வெள்ளிக்கு இணையத்தில் பார்த்து, யோசிக்காமல் வாங்கிவிட்டேன். விற்றவர் யாரென்று சொல்லப்போவதில்லை, சொல்லியும் பயனில்லை. எக்ஸ்ஃபேட்டில் ஃபார்மேட் செய்து, மிஷின் உள்ளே இருந்ததையெல்லாம் அதில் நகலெடுத்து, கேம் வாயில் இருப்பதுதான் இனி முதன்மைச் சேமிப்பு என்று அமைப்பை மாற்றி, மறுபடி இயக்கினேன். அடடா, 256 ஜிபி என்று காட்டுகிறது! சந்தோஷமாக நிரப்ப ஆரம்பித்தேன். முதலில் போட்டதெல்லாம் ஓடியது. அப்புறம் போட்டவை தொட்டால் திறக்கும், ஒரு நொடி கறுப்பாகும், சி2-12828-1 என்று பிழை சொல்லிவிட்டு மூடிக்கொள்ளும். செயலி எதுவும் செத்து விழுந்தால் வீட்டா சொல்கிற பொதுவான எண் அது, காரணத்தைச் சொல்லாது. கேமைக் குறை சொன்னேன், அடாப்டரைக் குறை சொன்னேன், அதை எடுத்து அழிப்பானால் தேய்த்தும் பார்த்தேன். கடைசியில் விண்டோஸ் கணினியில் போட்டு எச்2டெஸ்ட்டபிள்யூ என்கிற சோதனைக் கருவியை வைத்து முழுக்க எழுதிப் படிக்க வைத்தால், உண்மையில் உள்ளே இருப்பது 29 ஜிபி சொச்சம். மிச்சமெல்லாம் வெறும் பொய். அதுவரை போட்டதெல்லாம் ஓட்டைப் பானையில் ஊற்றிய தண்ணீர்.

ஒழுங்கான கடையில் ரசீதோடு 128 ஜிபி வாங்கினேன், அன்றிலிருந்து அந்தப் பிழை ஒரு தடவைகூட வரவில்லை. ஆகவே அடாப்டருக்கு நான் மதிப்பெண் போட்டால் அதில் பாதி கார்டைச் சேரும். புதுக் கார்டை முதலில் கணினியில் சோதியுங்கள், நிரப்புவது அப்புறம். சில மணி நேரம் ஆகும், ஓடவிட்டுத் தூங்கப் போய்விடலாம்.

இனி கேம் ஏற்றுகிற விஷயம். விபிகே என்று முடிகிற கோப்பைக் கார்டில் போட்டு, வீட்டாஷெல்லில் அதன்மேல் நின்று எக்ஸ் பொத்தானை அழுத்தினால் நிறுவிவிடும், முகப்பில் அதற்கான ஐகான் குமிழி முளைக்கும். பெரிய கோப்புகளுக்கு வைஃபை வழியாகக் கோப்பு அனுப்புகிற எஃப்டிபி வேண்டாம், ஆமை வேகம், கார்டைக் கழற்றிக் கணினியில் போட்டு நகலெடுங்கள். ரசிகர்களே எழுதிய சின்னச் சின்ன செயலிகளுக்கு, அதாவது ஹோம்ப்ரூவுக்கு, வீட்டாடிபி டவுன்லோடர் போதும், மிஷினிலிருந்தே தேடி இறக்கி நிறுவிக்கொள்ளலாம். பூட்டைத் திறந்து வைக்கிற ஹென்காகு மென்பொருளின் அமைப்பில் பாதுகாப்பற்ற ஹோம்ப்ரூவை அனுமதிக்கும் இடத்தில் டிக் போட மறந்தால் பல செயலிகள் திறக்கவே திறக்காது, நானும் மறந்தேன்.

இரண்டாவது ராத்திரி கைப்பேசிக் கேம்களை வீட்டாவில் ஓடும்படி மாற்றியமைத்த போர்ட்டுகளில் போனது. கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ வரிசையின் சான் ஆண்ட்ரியாஸ் கேமை நான் ஆண்ட்ராய்டில் காசு கொடுத்து வாங்கியிருந்தேன், அதன் கோப்புகளை எடுத்துக் கார்டில் வைத்தால் வீட்டாவில் ஓடும், தெஃப்ளோ என்பவர் செய்த வேலை. அதற்கு கேயூபிரிட்ஜ் என்று ஒரு பிளக்இன், அதாவது கூடுதலாகச் சேர்க்கிற மென்பொருள் துண்டு வேண்டும், ஒரு டெக்ஸ்ட் கோப்பில் அதன் பெயரை ஒரு வரியாக எழுத வேண்டும். அந்தக் கோப்பில் கர்னல் என்று ஒரு தலைப்பு, மெயின் என்று இன்னொரு தலைப்பு. நான் தூக்கக் கலக்கத்தில் மெயினுக்குக் கீழே எழுதித் தொலைத்தேன். ஒன்றரை மணி நேரம், நாலு தடவை மறுபடி நிறுவல், மனைவி எழுந்து வந்து விளக்கை அணைத்துவிட்டுப் போனது எல்லாம் அந்த ஒரு வரிக்காக. வரியை மேலே நகர்த்தி மறுபடி இயக்கியதும் ஓடியது. தப்பான பிளக்இன்னால் மிஷின் எழுந்திருக்கவே மறுத்தால் பயப்படாதீர்கள், இடது தோள் பொத்தானை அமுக்கிக்கொண்டே இயக்கினால் பிளக்இன்களைத் தவிர்த்துவிட்டு எழும்.

என்னை உண்மையில் கவிழ்த்தது அட்ரினலின். வீட்டாவுக்கு முன் சோனி விற்ற கையடக்க மிஷினான பிஎஸ்பியை வீட்டாவுக்குள் ஓடவிடுகிற ஏற்பாடு. பிஎஸ்பி திரை 480க்கு 272, வீட்டா திரை 960க்கு 544, துல்லியமாக இரண்டு மடங்கு, ஆகவே படம் நீட்டிப் பிதுங்காமல் கச்சிதமாக உட்காருகிறது. கட்டாய தேசிய சேவைக்குப் போவதற்கு முன் வாங்கின யூஎம்டி என்கிற என் பிஎஸ்பி கேம் வட்டுகள் அம்மா அலமாரியில் இன்னும் இருக்கின்றன. அவற்றைப் பழைய பிஎஸ்பியிலிருந்து கணினிக்கு எடுத்துப் போட்டுக்கொண்டேன். பதினெட்டு வயதில் விட்ட கட்டத்தை உட்லண்ட்ஸ் தாண்டும்போது முடித்தேன், பக்கத்தில் நின்ற அங்கிள் ஒருவர் எட்டி எட்டிப் பார்த்துக்கொண்டே வந்தார்.

இந்த வேலையெல்லாம் வேண்டாம், 80 வெள்ளி கொடுங்கள், கார்டில் நூறு கேம் நிரப்பியே தருகிறோம் என்றும் ஓர் இடத்தில் சொன்னார்கள். வேண்டாம் என்றேன். அது திருட்டுச் சரக்கு, அதைவிட அவர்கள் போடுகிற கார்டு எந்த லட்சணத்தில் இருக்கும் என்று இப்போது எனக்கு நன்றாகவே தெரியும். வீட்டாவின் இணையக் கடையை மூடப்போவதாக 2021-இல் அறிவித்த சோனி பிறகு மனம் மாறியது, வாங்க நினைப்பவர்கள் அங்கேயே வாங்கிக்கொள்ளலாம், அதுவும் இந்தக் கார்டில்தான் வந்து இறங்கும்.

அடாப்டரின் குறை ஒன்றுதான், ஆனால் எரிச்சலூட்டும் குறை. என்னுடையது வாயில் லேசாக ஆடுகிறது. பைக்குள் போட்டு நடந்தால் சில நாள் கார்டே இல்லாததுபோல முகப்பு காலியாக எழும், எடுத்துச் செருகி மறுபடி இயக்க வேண்டும். முதுகில் ஒட்டுநாடா ஒரு துண்டு ஒட்டியபிறகு ஆட்டம் நின்றது, வெளியே இழுக்கவும் அந்த நாடாவே பிடியாக உதவுகிறது. 6 வெள்ளிக்கு இதற்குமேல் எதிர்பார்ப்பது நியாயமில்லை. ஐந்துக்கு நாலு கொடுக்கிறேன், இரண்டு ராத்திரி செலவழிக்க மனமில்லாதவர்களுக்கு ஐந்துக்கு ஒன்று.

போன சனிக்கிழமை அக்கா மகன் ஒரு வீட்டாவைத் தூக்கிக்கொண்டு வந்தான். "மாமா, எனக்கும் போட்டுக் கொடுங்க, கார்டுகூட நானே வாங்கிட்டேன், 256 ஜிபி, ரொம்ப மலிவு" என்றான். எவ்வளவு என்று நான் கேட்கவில்லை. இப்போது என் கணினியில் செருகியிருக்கிறது, சோதனை 41 சதவீதத்தில் ஓடிக்கொண்டிருக்கிறது.