அலைக்கணக்கு நாட்காட்டி: மூன்று வருடப் புழக்கத்தில் தெரிந்தவை

நாகர்கோவில் பக்கம் கூட்டாக எழுதிவரும் ஒரு கற்பனைக் கடலோர உலகத்துக்காகச் செய்த நாட்காட்டி இது. வருடத்துக்கு 360 நாள், 12 மாதம், மாதத்துக்கு 30 நாள், வாரத்துக்கு ஆறு கிழமை. நிலா ஒன்றுதான், அதன் சுற்று 29 நாள். ஒரு நாளுக்கு 60 நாழிகை, எட்டு ஜாமம். நாழிகை நம்முடைய பழைய அளவேதான், 24 நிமிடம். ஜாமம் ஏழரை நாழிகை, அதாவது மூன்று மணி நேரம்.

இத்தனை நாள் இது தாக்குப்பிடித்ததற்குக் காரணம் மாதப் பெயர்களோ பண்டிகைகளோ இல்லை, அடியில் ஓடும் நாள் எண். நம் ஊர் ஜோதிடக் கணக்கில் கலிநாள் இருப்பதுபோல இங்கும் முதல் நாளிலிருந்து இடைவிடாத ஒரே எண்ணிக்கை. தேதி, கிழமை, பிறை, ஓதம் (கடல் ஏற்ற இறக்கம்) எல்லாம் அதிலிருந்துதான் பிறக்கும். ஆண்டில் ஒன்று கழித்து 360-ஆல் பெருக்கு, மாதத்தில் ஒன்று கழித்து 30-ஆல் பெருக்கு, இரண்டையும் தேதியோடு கூட்டு. வந்ததை 29-ஆல் வகுத்தால் மீதிதான் பிறை. மீதி 0 அமாவாசை, 15 பௌர்ணமி.

ஆண்டு 412, ஐந்தாம் மாதம், 17-ஆம் தேதியை எடுத்துக்கொள்வோம். 411 × 360 = 1,47,960. அதோடு 120, அதோடு 17. மொத்தம் 1,48,097. மீதி 23, தேய்பிறை. மீதியை இரண்டால் பெருக்கினால், சூரியன் உதித்து எத்தனை நாழிகையில் நிலா எழும் என்பது கிட்டத்தட்ட வந்துவிடும்: 46 நாழிகை, நடுநிசி தாண்டி அரை மணி நேரத்துக்குள். ஆக அன்றிரவு ஆறாம் ஜாமத்தில் (இரவு ஒன்பதிலிருந்து நடுநிசிவரை) நிலா வெளிச்சத்தில் தோணியை அவிழ்த்துக் கடத்துவதாக எழுதினால் தப்பு. இருட்டில் கடத்தலாம், அல்லது ஏழாம் ஜாமம்வரை காத்திருக்க வேண்டும். கதைக்கு இந்த இடைஞ்சல் நல்லது. கடலோரத்து வாசகர்கள் நிலாவைத்தான் முதலில் பிடிப்பார்கள்.

எக்செல் தாளில் அடிக்கடி நடக்கும் பிழை அந்த ‘ஒன்று கழித்தல்’ விட்டுப்போவது. ஆண்டில் விட்டால் நிலா 12 நாள் தள்ளிப்போகும், உடனே கண்ணில் படும். மாதத்தில் விட்டால் ஒரே ஒரு நாள்தான் பிசகும், அத்தியாயக் கணக்கில் ஒளிந்து கிடக்கும். தாளைத் தொடங்கும்போதே ஆண்டு 1, மாதம் 1, தேதி 29-ஐப் போட்டுப் பாருங்கள். மீதி 0 வரவேண்டும்.

அடுத்த தொல்லை நாள் எங்கே தொடங்குகிறது என்பது. பஞ்சாங்கம்போல இங்கும் நாள் சூரிய உதயத்தில்தான் பிறக்கிறது. போனில் நடுநிசிக்குத் தேதி மாறிப் பழகிய கைக்கு இது எளிதில் வராது. விடியற்கால மூன்று மணிக்கு நடக்கும் சண்டைக்கு மறுநாள் தேதியைப் போட்டுவிடுவார்கள். தேதியோடு ஜாமத்தையும் சேர்த்து ‘17-7’ என்று எழுதும் வழக்கம் வந்தபிறகுதான் இது அடங்கியது. பகல் 30 நாழிகை, இரவு 30 நாழிகை என்ற சமபாகம் குமரி மாதிரி எட்டு டிகிரி அட்சரேகையில் செல்லும். இங்கே மிக நீண்ட பகலுக்கும் மிகக் குறுகிய பகலுக்கும் வித்தியாசம் ஏறக்குறைய ஒரு மணி நேரம்தான். கதை வடக்கே தூரமாகப் போனால் இந்தச் சமபாகம் உடையும். அதற்கு இந்த நாட்காட்டியில் இன்னும் வழி இல்லை, இது நிஜக் குறை.

கதையில் தோணிக்காரர்களின் கடிகாரம் ஒரு சிரட்டை வட்டில், அதாவது தேங்காய்ச் சிரட்டையில் செய்த கிண்ணம். அதைச் செய்து பார்த்தே எழுதினோம். கண்ணுள்ள சிரட்டையை எடுத்து, நார் போகச் சுரண்டி, மூன்று கண்ணையும் மெழுகால் அடைத்து, ஒன்றில் மட்டும் சூடான ஊசியால் துளையிட வேண்டும். தண்ணீரில் மிதக்கவிட்டால் மெல்ல நிரம்பித் தாழும், தாழ எடுக்கும் நேரம்தான் அளவு. துளையின் விட்டம் இரட்டித்தால் நேரம் நாலில் ஒன்றாகிவிடும், அதனால் மெல்லிய ஊசியில் தொடங்கிக் கொஞ்சம் கொஞ்சமாகப் பெரிதாக்குவதே சரி. காய்ந்த சிரட்டை நிரம்பியும் முழுகாமல் நிற்கலாம், உள்ளே ஒரு கூழாங்கல் போதும். முதல்நாள் இரவே ஊறப்போடாவிட்டால் தண்ணீரைக் குடிக்கக் குடிக்க எடை கூடி நேரம் மாறிக்கொண்டே இருக்கும். தூசி துளையை அடைப்பதும் உண்டு, தண்ணீரைத் துணியில் வடிகட்டி ஊற்றுங்கள்.

இரண்டு நாடுகளுக்கு இரண்டு ஆண்டுத் தொடக்கம் வைத்தது சரியான முடிவு. பழைய திருவிதாங்கூர்ப் பத்திரங்களில் கொல்லவருஷம் (மலையாள ஆண்டுக் கணக்கு) பார்த்தவர்களுக்கு இது புதிதில்லை. 1120 ஆவணி என்றால் 824 கூட்டி ஆங்கில வருடம் 1944, 1120 தை என்றால் 825 கூட்டி 1945. வருடம் சிங்கத்தில், அதாவது ஆவணியில், பிறப்பதால் வரும் வித்தியாசம் அது. கதையிலும் ஒப்பந்தம், வாரிசுரிமை, கடன் கெடு எல்லாம் இந்த ஒரு எண்ணில் சிக்கும். மாற்றும் சூத்திரத்தை மட்டும் ஒரே இடத்தில் எழுதி வைக்க வேண்டும், ஆளாளுக்கு மனக்கணக்குப் போட்டால் நிச்சயம் ஒரு வருடம் தவறும்.

மாதப் பெயர்கள் அறுவடையை ஒட்டியவை. நாஞ்சில் நாட்டில் கன்னிப்பூ, கும்பப்பூ என்று அறுக்கிற மாதத்தின் பெயரால் போகத்தைச் சொல்வதுபோல. இது நன்றாக ஒட்டிக்கொண்டது. கிழமை அப்படி இல்லை. 360-ஐ ஆறு மீதியின்றி வகுப்பதால் ஒவ்வொரு தேதியும் என்றைக்கும் ஒரே கிழமையில் விழுகிறது. சந்தை நாளைச் சொல்ல வசதிதான், ஆனால் திருவிழாவும் சந்தையும் மோதும் வருடம் என்று ஒன்று வரவே வராது. ஏழு கிழமையாக வைத்திருந்தால் வருடத்துக்கு மூன்று கிழமை நகர்ந்திருக்கும்.

புதிதாக எடுத்துப் புழங்குகிறவர்கள் முதலில் 29 வருடத்துக்கான மாதப் பிறப்புப் பிறையை ஒரே தாளில் அச்செடுத்துக்கொள்ளுங்கள். அடுத்த மாதத்துக்கு ஒன்று கூட்டு, அடுத்த வருடத்துக்குப் பன்னிரண்டு கூட்டு, 29 வந்தாலோ தாண்டினாலோ 29 கழி. முப்பதாவது வருடம் முதல் வரியே திரும்ப வரும். வராவிட்டால் நடுவில் எங்கோ கூட்டல் பிசகியிருக்கிறது.