காஸ்மெட்டாலஜி லைசென்ஸை மாநிலம் மாற்றுதல்: எண்டார்ஸ்மென்டா, மறுதேர்வா?

அமெரிக்காவில் அழகுக்கலை வேலைக்கான காஸ்மெட்டாலஜி லைசென்ஸை மத்திய அரசு வழங்குவதில்லை. ஒவ்வொரு மாநிலமும் தனக்கென வாரியம் அல்லது துறை வைத்து, தனித்தனி விதிகளின்படி வழங்குகிறது. எனவே எத்தனை ஆண்டு அனுபவம் இருந்தாலும், மாநிலம் மாறிவிட்டால் பழைய லைசென்ஸை நம்பி ஒரு வாடிக்கையாளரின் தலையில் கை வைக்க முடியாது.

டெக்சாஸில் லைசென்ஸ் பெற்று சலூனில் வேலை செய்துவந்த நான், கணவரின் வேலை கலிபோர்னியாவுக்கு மாறியபோது இரண்டு வழிகளை எடைபோட வேண்டியிருந்தது. கையில் இருக்கும் லைசென்ஸைச் சான்றாகக் காட்டி, தேர்வு எழுதாமலே புதிய மாநிலத்தின் லைசென்ஸைப் பெறுவது எண்டார்ஸ்மென்ட். சில மாநிலங்களில் இதை ரெசிப்ராசிட்டி என்கிறார்கள். மற்றது, பள்ளியில் முடித்த பயிற்சி மணி நேரத்தைக் கணக்குக் காட்டி, புதிதாக விண்ணப்பிப்பவரைப் போலவே தேர்வு எழுதுவது. நான் எண்டார்ஸ்மென்ட் வழியில் போனேன். என்னிடம் கேட்பவர்களுக்கும் அதையே பரிந்துரைக்கிறேன்.

தேர்வு வழியைக் குறைத்துச் சொல்வதற்கில்லை. 2022 முதல் கலிபோர்னியாவில் செய்முறைத் தேர்வு கிடையாது, எழுத்துத் தேர்வு மட்டுமே. பயிற்சி நேரமும் 1,600 மணியிலிருந்து 1,000 மணியாகக் குறைக்கப்பட்டுவிட்டது. டெக்சாஸும் 1,500 மணியை 1,000 ஆக்கியிருப்பதால் இவ்விரு மாநிலங்களுக்கிடையே மணிக்கணக்கு இடிப்பதில்லை. ஆங்கிலம் தடையாக இருப்பவர்கள் ஸ்பானிஷ், வியட்நாமியம், கொரியன் போன்ற மொழிகளிலும் எழுதலாம். தமிழுக்கு அந்த வாய்ப்பில்லை. ஆனால் ஜார்ஜியா, இல்லினாய் போல 1,500 மணி கேட்கும் மாநிலத்துக்குப் போகிறவரிடம் 1,000 மணிதான் இருக்கிறதென்றால், தேர்வுக்கு முன்பே 500 மணி என்ற பள்ளம் நிற்கும். வேலை அனுபவத்தைப் பயிற்சி மணியாகக் கணக்கிடும் மாநிலங்களும் உண்டு. அதை முன்கூட்டியே அந்தந்த வாரியத்திடம் கேட்டு உறுதிசெய்துகொள்வது நல்லது.

எண்டார்ஸ்மென்டில் இந்தச் சிக்கல் பெரும்பாலும் எழுவதில்லை, குறைந்தபட்சம் கலிபோர்னியாவில். கடந்த 5 ஆண்டுகளில் 3 ஆண்டுகளாவது லைசென்ஸ் செல்லுபடியாக இருந்திருக்க வேண்டும் என்று முன்பு ஒரு நிபந்தனை இருந்தது. 2022-இல் நடைமுறைக்கு வந்த சட்டத்திருத்தம் அதையும் நீக்கிவிட்டது. இப்போது தேவைப்படுபவை விண்ணப்பம், 50 டாலர் கட்டணம், வேறொரு மாநிலத்தின் லைசென்ஸ் நடப்பில் உள்ளது என்பதற்கும் அது ரத்து செய்யப்படவோ இடைநிறுத்தப்படவோ இல்லை என்பதற்கும் சான்று, இவ்வளவுதான்.

"நடப்பில் உள்ளது" என்ற அந்த நிபந்தனையில்தான் எல்லாமே அடங்கியிருக்கிறது. எண்டார்ஸ்மென்டில் வாரியம் நம் கைத்திறனைச் சோதிப்பதில்லை, பழைய மாநிலத்தின் பதிவேட்டைத்தான் பார்க்கிறது. விண்ணப்பம் பரிசீலனைக்கு வரும் நாளில் பழைய லைசென்ஸ் காலாவதியாகியிருந்தால், நேற்றுவரை நாம் செய்த வேலைக்கு அங்கே மதிப்பில்லை. தேர்வு வழிக்குத்தான் திரும்ப வேண்டும். வீடு மாறுகிற நேரத்தில் இது எளிதில் நடந்துவிடும். புதுப்பிக்கச் சொல்லும் அறிவிப்பு பழைய முகவரிக்குப் போகும். எப்படியும் வேறு லைசென்ஸ் வாங்கப் போகிறோமே, பழையதற்கு ஏன் பணம் கட்ட வேண்டும் என்ற எண்ணமும் வரும். டெக்சாஸில் லைசென்ஸை 2 ஆண்டுக்கு ஒருமுறை 50 டாலர் கட்டிப் புதுப்பிக்க வேண்டும். அதோடு 4 மணி நேரத் தொடர்கல்வியும் உண்டு, அதை இணையத்திலேயே முடித்துவிடலாம். தவறவிட்டால் முதல் 90 நாட்களுக்குள் ஒன்றரை மடங்கு கட்டணம், அதன்பின் 18 மாதங்கள்வரை இரு மடங்கு. 3 ஆண்டுகள் கடந்துவிட்டால் புதுப்பிக்கவே முடியாது, புதிதாகத்தான் தொடங்க வேண்டும். ஆகவே காலாவதிக்குச் சில மாதங்கள் மீதமிருந்தாலும் முதலில் புதுப்பித்துவிட்டு, அதன்பின் விண்ணப்பிப்பதே சரி என்பது என் முடிவு. கூடுமானால் பெட்டி கட்டுவதற்கு முன்பே விண்ணப்பத்தை அனுப்பிவிட வேண்டும். புதிய லைசென்ஸ் வரும்வரை சம்பளம் இல்லை என்பதை வீட்டுச் செலவுக் கணக்கில் சேர்த்துக்கொள்வதும் அவசியம்.

புதியது கிடைத்தபின் பழையதைத் தொடர்வதா என்பது அடுத்த கேள்வி. கலிபோர்னியாவிலும் 2 ஆண்டுக்கு ஒருமுறை 50 டாலர்தான், தொடர்கல்வி கிடையாது. இரண்டையும் வைத்திருப்பதால் ஆகும் செலவு சிறியது என்பதால் நான் டெக்சாஸ் லைசென்ஸைக் கைவிடவில்லை. எங்கள் வீட்டில் இடமாற்றம் எப்போது வரும் என்று சொல்ல முடியாது. ஓரிடத்தில் நிலையாகத் தங்கிவிட்டவர்களுக்கு இது தேவையற்ற செலவாகவும் இருக்கலாம். என் அனுபவம் ஒரே ஒரு திசையில் நடந்த மாற்றம்தான் என்பதால் இதில் அடித்துப் பேச மாட்டேன்.

வேறு இரண்டு வாசல்களும் உண்டு. அரிசோனா 2019-இல், வேறு மாநிலத்தில் குறைந்தது ஓராண்டு லைசென்ஸ் வைத்திருந்தவர் தன் மாநிலத்தில் குடியேறினால் அதை ஏற்கும் சட்டத்தை இயற்றியது. காஸ்மெட்டாலஜிக்கென்றே மாநிலங்கள் ஓர் உடன்படிக்கையும் செய்துள்ளன. அது செயலுக்கு வர 7 மாநிலங்கள் சேர வேண்டும் என்ற வரம்பு 2024-இல் எட்டப்பட்டது. கென்டக்கி, வர்ஜீனியா, ஒஹையோ, டென்னசி ஆகியவை அதில் உள்ளன. உறுப்பு மாநிலத்தில் வசிப்பவருக்கே அந்தப் பன்மாநில லைசென்ஸ் கிடைக்கும் என்பதால், எனக்கு அது உதவும் வழியாக இருக்கவில்லை.

புருவத்துக்குத் திரெடிங் மட்டும் செய்கிறவர்கள் இந்த அலைச்சலில் இறங்கும் முன் போகும் மாநிலத்தின் விதியைப் பார்த்துவிடலாம். திரெடிங்குக்கு 750 மணி நேரப் பயிற்சி கேட்டது செல்லாது என்று டெக்சாஸ் உச்ச நீதிமன்றம் 2015-இல் தீர்ப்பளித்தது. நூல் பிடிக்க மட்டும் அங்கே லைசென்ஸ் வேண்டியதில்லை. மறுபுறம், சொந்தமாகச் சலூன் நடத்த நினைப்பவருக்கு எண்டார்ஸ்மென்ட் மட்டும் போதாது. அது ஆளுக்கான லைசென்ஸ். கடைக்கு வேண்டிய லைசென்ஸைக் கலிபோர்னியா வாரியத்திடம் தனியாக விண்ணப்பித்தே வாங்க வேண்டும்.