அர்வானிதிஸா, பகதாகிஸா?

கிரேக்க சினிமாவுக்கு இந்த இரண்டு ஒளிப்பதிவாளர்களும் இரு கண்கள். பார்வைதான் வேறு வேறு.

யோர்கோஸ் அர்வானிதிஸ், இயக்குநர் ஆங்கெலோபூலோஸின் ஒளிப்பதிவாளர். 1975இல் வந்த ‘பயண நாடகக் குழு’ கிட்டத்தட்ட 4 மணி நேரப் படம். ஷாட்டுகளோ ஏறக்குறைய 80தான். மேகமூட்டம், ஈரத்தெரு, மெல்ல நகரும் கேமரா. வெட்டே இல்லாமல், ஒரே ஷாட்டுக்குள் வருடங்கள் மாறிவிடும். சுற்றுலா விளம்பரத்து நீலக்கடலை இதில் தேடாதீர்கள். பிறகு பிரான்சில் இயக்குநர் கேத்தரின் ப்ரேயாவுடனும் வேலை செய்தார்.

திமியோஸ் பகதாகிஸ் வேறு ரகம். இயக்குநர் லாந்திமோஸின் ‘டாக்டூத்’ (2009) படத்தில் நடிகர்களின் தலையே பல இடங்களில் ஃப்ரேமுக்கு வெளியே போய்விடும். வெளிச்சம் பளிச்சென்று இருக்கும், பயமுறுத்துவதும் அதுதான். ‘தி லாப்ஸ்டர்’ (2015) பெரும்பாலும் இயற்கை ஒளியில் எடுத்தது.

என் ஓட்டு அர்வானிதிஸுக்கு. ஆனால் தூக்கக் கலக்கத்தில் மட்டும் பார்க்க உட்காராதீர்கள்.