பின் கதவைத் தவிர எல்லாம் நன்று: 1:700 வாஸ்ப் கப்பல் மாடல், பல மழைக்காலங்களுக்குப் பிறகு

நெருலில் இருக்கும் தம்பி ஒருவர் போன வாரம் கேட்டார்: "அண்ணே, உங்க அலமாரியில நிக்குதே அந்த ஹெலிகாப்டர் கப்பல், அதோட கிட் விலை இறங்கியிருக்கு. வாங்கலாமா?" அவர் கேட்ட நேரம் அப்படி. அதன் பின் கதவு மறுபடியும் கழன்று, செம்பூரில் ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் கொடுத்துச் சரிசெய்து அப்போதுதான் வாங்கி வந்திருந்தேன். அதனால் பதில் நீளமாகிவிட்டது. கொஞ்சம் காரமாகவும் இருக்கும்.

வாஸ்ப் வகைக் கப்பல், அதாவது ஹெலிகாப்டர்களையும் கரையில் இறங்கும் படையையும் சுமக்கும் அமெரிக்கக் கடற்படைக் கப்பல், 1:700 அளவு. நிஜக் கப்பல் 257 மீட்டர் நீளம். மாடல் 37 சென்டிமீட்டருக்குச் சற்றுக் குறைவு. மும்பை வீட்டு அலமாரியில் குறுக்கே வைக்க இடம் கிடைக்கிற அளவு. தயாரித்த நிறுவனத்தின் பெயர் வேண்டாம், அவர்களோடு எனக்குக் கடிதப் போக்குவரத்து நடந்து முடிந்துவிட்டது.

முதலில் நல்லதைச் சொல்லிவிடுகிறேன். உடல் பகுதி இரண்டு பாதிகளும் தேய்க்காமலே பொருந்தின. மேல்தளம் ஒரே துண்டு, வளைவு இல்லை. ஹெலிகாப்டர் இறங்கும் இடங்களுக்கான ஸ்டிக்கர் கோடுகள் இத்தனை ஜூலை மாதங்களின் ஈரத்துக்கும் உரியவில்லை, மஞ்சளாகவும் இல்லை. ஹெலிகாப்டர்களைக் கண்ணாடி போன்ற பிளாஸ்டிக்கில் வார்த்திருக்கிறார்கள். இரண்டு விசிறி வைத்த ஸீ நைட் சுண்டுவிரல் நகத்தைவிடக் கொஞ்சம்தான் பெரியது, ஆனாலும் ஜன்னல் தெரிகிறது. தூசி தட்டும்போது விசிறி இறக்கைகள் ஒடிகின்றன. அதை நான் குறையாகவே எழுத மாட்டேன். அந்தத் தடிமனுக்கு அப்படித்தான்.

கதவுதான் பிரச்சினை. கப்பலின் பின்பக்கம் கீழ்நோக்கிச் சாய்ந்து திறக்கும் கதவு. உள்ளே வெல் டெக் என்கிற நீண்ட அறை. பெட்டியின் மேல் "திறந்து மூடலாம்" என்று பெரிதாகப் போட்டிருந்தார்கள். அந்தக் கதவைத் தாங்குவது தலைமுடியைவிடக் கொஞ்சம் தடித்த இரண்டு பிளாஸ்டிக் முனைகள். சில தடவை திறந்ததும் ஒன்று போய்விட்டது. ஒட்டினால் அசையாது, அசைந்தால் ஒட்டாது. நிறுவனத்துக்கு எழுதினேன். "காட்சிக்கு வைப்பதற்கு மட்டுமே" என்று பதில் வந்தது. பெட்டியின் படம் எடுத்து அனுப்பினேன். அதற்குப் பதில் வரவில்லை.

அந்தக் கோபத்தில்தான் தேட ஆரம்பித்தேன்: ஹெலிகாப்டர் சுமக்கத்தானே இந்தக் கப்பல்? அப்புறம் இந்தப் பாழாய்ப்போன கதவு எதற்கு? கிட் கொடுத்த உண்மையான சந்தோஷம் அங்கேதான் கிடைத்தது. இந்த வகைக் கப்பல்களின் வரலாறே அந்தக் கதவைச் சுற்றித்தான் ஓடுகிறது. வைக்கலாமா, எடுக்கலாமா, மறுபடி வைக்கலாமா என்று அமெரிக்கக் கடற்படையே ஒரு முடிவுக்கு வர முடியாமல் அறுபது ஆண்டுகளாகத் தடுமாறியிருக்கிறது.

ஆரம்பத்தில் கதவு இல்லை. 1946-இல் பிகினி தீவில் நடந்த அணுகுண்டு சோதனையைப் பார்த்த ராய் கைகர், மரைன்கள் எனப்படும், கடலிலிருந்து கரையில் இறங்கிப் போரிடும் அமெரிக்கப் படையின் தளபதி, கரைக்கு முன்னால் நூற்றுக்கணக்கான கப்பல்களைக் குவித்துப் படை இறக்கும் பழைய முறை இனி ஒரே குண்டில் அழிந்துபோகும் என்று கண்டுகொண்டார். கப்பல்கள் தள்ளித் தள்ளி நிற்க வேண்டும், வீரர்கள் கடற்கரையைத் தாண்டிப் போய் இறங்க வேண்டும். அதற்கு ஹெலிகாப்டர். 1947 டிசம்பரில் மரைன்கள் இதற்கென்றே ஒரு சோதனை அணியைத் தொடங்கினார்கள். 1948 மே மாதம் பலாவ் என்ற சிறிய விமானந்தாங்கியிலிருந்து 5 ஹெலிகாப்டர்கள் மாறி மாறிப் பறந்து 66 பேரைக் கரையில் இறக்கின. விமானியைத் தவிர மூன்று பேர் உட்காரக்கூடிய வண்டி அது. இதை வைத்துக்கொண்டு எதிர்காலத்தைக் கணித்த ஆட்களின் துணிச்சலை நினைத்தால் சிரிப்பும் வருகிறது, மரியாதையும் வருகிறது.

நிஜப் போரில் முதலில் செய்து காட்டியது பிரிட்டன். 1956 நவம்பர் 6, சூயஸ் நெருக்கடி. ஓஷன், தீசியஸ் என்ற இரண்டு விமானந்தாங்கிகளிலிருந்து வேர்ல்விண்ட், சிகமோர் ஹெலிகாப்டர்கள் எழும்பி, 45-ஆவது கமாண்டோ படையின் 400-க்கும் மேற்பட்டவர்களைப் போர்ட் செயிதில் இறக்கின. ஒன்றரை மணி நேரத்தில் வேலை முடிந்தது. அந்தப் போரின் அரசியல் பிரிட்டனுக்கு அவமானத்தில் முடிந்தது வேறு கதை. அதே ஆண்டு அமெரிக்கா தீடிஸ் பே என்ற பழைய கப்பலை ஹெலிகாப்டர் தாங்கியாக மாற்றியது. அப்புறம் பாக்ஸர், பிரின்ஸ்டன், வேலி ஃபோர்ஜ் என்று உலகப் போர்க் காலத்துப் பெரிய விமானந்தாங்கிகளையும் இந்த வேலைக்கு இறக்கினார்கள்.

முதல் அடித்தகட்டிலிருந்தே இதற்காக வடிவமைத்துக் கட்டியது 1961-இல் வந்த இவோ ஜிமா. அந்த வகையில் மொத்தம் 7 கப்பல்கள். இருபது ஹெலிகாப்டர் வரை, கிட்டத்தட்ட ஒரு பட்டாலியன் மரைன்கள். பின் கதவு கிடையாது, வெல் டெக் கிடையாது. ஹெலிகாப்டர் தூக்க முடியாத எதையும் இந்தக் கப்பலிலிருந்து கரைக்கு அனுப்ப வழியில்லை. டாங்கியை எப்படி அனுப்புவது? காற்று மோசமாக இருந்தால்? கடைசியாகக் கட்டிய இன்சானில் மட்டும் இரண்டு சின்னப் படகுகளைப் பக்கவாட்டில் தொங்கவிட்டார்கள். யாரோ ஒருவர் கடைசி நேரத்தில் பயந்திருக்கிறார் என்று நினைக்கிறேன்.

போருக்குக் கட்டிய இந்தக் கப்பல்களை உலகம் அதிகமாகப் பார்த்தது விண்வெளி வீரர்களைக் கடலிலிருந்து தூக்கியபோதுதான். 1970 ஏப்ரல் 17-ஆம் தேதி அப்போலோ 13-இன் மூன்று பேரும் ஏறியது இவோ ஜிமாவின் தளத்தில். குவாடல்கனால், குவாம், ஒகினாவா, நியூ ஆர்லியன்ஸ் எல்லாமும் ஜெமினி, அப்போலோ, ஸ்கைலாப் வேலைகளுக்குப் போயிருக்கின்றன. என் வீட்டுக்கு வரும் பிள்ளைகளுக்கு இந்த ஒரு தகவல் போதும், அப்புறம் யாரும் ஹெலிகாப்டரைத் தொடாமல் பார்க்கிறார்கள்.

அதே இவோ ஜிமாவில் 1990 அக்டோபர் 30-ஆம் தேதி, பஹ்ரைனில் பழுதுபார்த்து வெளியே வந்த சற்று நேரத்தில் நீராவி வால்வு ஒன்று பிய்த்துக்கொண்டு 10 பேர் இறந்தார்கள். எஃகு நட்டு போட வேண்டிய இடத்தில், கறுப்புப் பூச்சால் எஃகு மாதிரியே தெரிந்த பித்தளை நட்டுகளைப் போட்டிருந்தார்கள். என் பொம்மைக் கதவோடு இதைச் சேர்த்துப் பேசுவது தகாது, தெரியும். ஆனாலும் கண்ணாடிக் கடைப் பெரியவர் பிளாஸ்டிக் முனையை அறுத்துவிட்டு, அளவு பார்த்து, பெட்டியில் தேடித் தேடி ஒரு சின்ன எஃகு ஊசியை எடுத்தபோது எனக்கு அந்தக் கப்பல்தான் நினைவுக்கு வந்தது.

சரி, கதவுக்கு வருவோம். 1976-இல் தராவா வந்தது. இவோ ஜிமாவைவிட இரண்டு மடங்குக்கு மேல் எடை, 39,000 டன்னுக்கு மேல். மேலே ஹெலிகாப்டர், கீழே கதவும் வெல் டெக்கும். தொட்டிகளில் கடல்நீரை ஏற்றினால், எருமை குளத்தில் பின்பக்கத்தை அமிழ்த்திக்கொள்வது போலக் கப்பல் பின்னால் தாழ்கிறது. கதவு திறக்கிறது, கடல் உள்ளே வருகிறது, படகுகள் மிதந்து வெளியே போகின்றன. ஒன்பது கட்டுவதாக இருந்து ஐந்தோடு நிறுத்தினார்கள். அதிலும் ஒரு கோளாறு பாருங்கள். வெல் டெக்கின் நடுவில் ஒரு தடுப்பு வைத்துக் கட்டிவிட்டார்கள். பின்னாளில் காற்று மெத்தையில் மணிக்கு 74 கிலோமீட்டருக்கு மேல் ஓடும் ஹோவர்கிராஃப்ட் வந்தபோது, அவ்வளவு பெரிய கப்பலில் ஒன்றே ஒன்றுதான் நுழைந்தது.

1989-இல் வந்த வாஸ்ப் அதைச் சரிசெய்தது. தடுப்பு இல்லாமல் ஏறத்தாழ 81 மீட்டர் நீளம், 15 மீட்டர் அகலம். ஒன்றன்பின் ஒன்றாக மூன்று ஹோவர்கிராஃப்ட். என் மாடலில் அது 12 சென்டிமீட்டருக்குக் கொஞ்சம் குறைவான ஓர் இருட்டு அறை. டார்ச் அடித்துப் பார்த்தால் சுவரில் குழாய்கள்கூட வார்த்திருப்பது தெரியும். யாரும் பார்க்காத இடத்தில் இவ்வளவு வேலை செய்தவர்களுக்குக் கதவுக்கு ஓர் உலோக ஊசி வைக்கத் தோன்றவில்லை.

இதற்குப் பிறகு நடந்ததுதான் எனக்கு ஆறவே இல்லை. 2014-இல் அமெரிக்கா என்ற பெயரிலேயே ஒரு கப்பல் வந்தது, கதவு இல்லாமல்! ஓஸ்ப்ரே, எஃப்-35பி போன்ற பெரிய விமானங்களுக்கு ஹேங்கர் இடமும் எரிபொருளும் வேண்டும் என்று வெல் டெக்கையே எடுத்துவிட்டார்கள். 2020-இல் இரண்டாவது, டிரிபோலி, அதுவும் அப்படியே. அந்தப் பெயரில் முன்பு இருந்த இவோ ஜிமா வகைக் கப்பல் 1991 பிப்ரவரியில் பாரசீக வளைகுடாவில் கண்ணிவெடி அகற்றும் ஹெலிகாப்டர்களைச் சுமந்துகொண்டு போய்த் தானே ஒரு கண்ணிவெடியில் மாட்டியது. புதிய டிரிபோலி 2022-இல் 20 எஃப்-35பி விமானங்களை ஏற்றிக் காட்டி, சிறிய விமானந்தாங்கி மாதிரியும் நடிக்க முடியும் என்று நிரூபித்தது. ஆனால் மரைன்கள் தங்கள் கனமான வண்டிகளை எப்படி இறக்குவது என்று கேட்டார்கள். நியாயமான கேள்வி, 1961-லேயே கேட்டிருக்க வேண்டிய கேள்வி. 2023-இல் நீரில் இறங்கிய பூகன்வில்லில் கதவு திரும்பி வந்துவிட்டது.

மும்பைக்காரர்கள் இந்தக் கதையில் வெளியாட்கள் இல்லை. கேட்வேயிலிருந்து மாண்ட்வா படகில் போகும்போது கடற்படைத் தளத்தில் பல வருடம் நின்றதே விராட், அதுவும் ஒரு காலத்தில் கமாண்டோக்களைச் சுமந்த கப்பல்தான். அப்போது பிரிட்டனின் ஹெர்மீஸ். 1973-இல் ஹெலிகாப்டர்களும் மரைன்களும் ஏறும்படி அதை மாற்றினார்கள். 1974-இல் சைப்ரஸ் சண்டையின்போது 41-ஆவது கமாண்டோ படையோடு போய் மக்களை வெளியேற்றியது. முகப்பில் ஏறுதளம் வைத்ததும், ஃபாக்லாந்து போரில் தலைமைக் கப்பலாக நின்றதும் அப்புறம்தான். 1987-இல் விராட் ஆனது. 1989-இல் இலங்கை விவகாரத்தின்போது கொச்சிக்கு அப்பால் நின்று கார்வால் ரைபிள்ஸ் படையினரை ஹெலிகாப்டரில் ஏற்றிக்கொண்டபோது பழைய வேலை ஒரு முறை திரும்ப வந்தது. 2017-இல் இங்கேயே ஓய்வு, 2020-இல் அலங்கில் உடைக்கப் போய்விட்டது. ஒரு கப்பலைக்கூட அருங்காட்சியகமாக வைத்துக்கொள்ளத் துப்பில்லாத ஊர் நம்முடையது. முந்தைய விக்ராந்தையும் சில வருடம் அருங்காட்சியகமாக வைத்திருந்துவிட்டு அப்படித்தான் விட்டோம்.

கதவுள்ள கப்பலும் நம்மிடம் ஒன்று உண்டு: ஜலஷ்வா. அமெரிக்காவின் பழைய டிரென்டன், 2007-இல் வாங்கியது. விமானந்தாங்கி போல நீளமான தளம் இல்லை. பின்பக்கம் ஹெலிகாப்டர் தளம், அதன் கீழே வெல் டெக். 2020 ஜூனில், பொது முடக்கத்தின்போது, கொழும்பிலிருந்து கிட்டத்தட்ட 700 பேரைத் தூத்துக்குடியில் கொண்டு வந்து இறக்கியது அதுதான். எங்கள் ஊர்ப் பக்கம் என்பதால் அந்தச் செய்தியைத் திரும்பத் திரும்பப் பார்த்தேன். படகும் ஹெலிகாப்டரும் தேவைப்படவில்லை. உள்ளே இடம் இருந்தது, அது போதுமாக இருந்தது.

இனி தம்பிக்கு நேரடிப் பதில். வார்ப்புக்கு முழு மார்க். ஸ்டிக்கருக்கு முழு மார்க். இத்தனையும் தேடிப் படிக்க வைத்ததற்கு, இருக்கிற மார்க்கை எல்லாம் கொடுக்கலாம். ஆனாலும் வாங்காதீர்கள். ஒரு கதவுக்காகப் பெட்டியின் மேல் பொய் எழுதுகிறவர்களுக்கு விலை இறங்கினாலும் காசு போகக் கூடாது. ஹெலிகாப்டர் கப்பல் கட்டியே ஆக வேண்டும் என்றால் இவோ ஜிமாவைத் தேடுங்கள். 1:700-இல் 26 சென்டிமீட்டர்தான், கதவே இல்லாததால் உடைய ஒன்றுமில்லை.

அப்படியும் கேட்காமல் நீங்கள் வாஸ்பையே வாங்குவதாக இருந்தால், ஆர்டர் போடும் முன் எனக்கு ஒரு போன் பண்ணுங்கள். கண்ணாடிக் கடைக்காரர் போட்ட ஊசி நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் கதவின் ஓரம் ஏற்கனவே விரிசல் விட்டிருக்கிறது. இந்த விலைக்கு உதிரிக் கதவுக்காகவே இன்னொரு பெட்டி வாங்கி வைக்கலாம் என்று பார்க்கிறேன். இரண்டாக வாங்கினால் டெலிவரி செலவைப் பாதிப் பாதி போட்டுக்கொள்ளலாம்.